வாக்குப்பதிவேட்டில் உருவான கொள்கை: சிங்கப்பூர் வெளியுறவின் வளர்ச்சி, 1965–2022

ஒரு புதிய நாட்டின் வெளியுறவுக் கொள்கையை விளக்க முற்படுவோர் பெரும்பாலும் இரண்டு வழிகளில் ஒன்றைப் பிடித்துக்கொள்கிறார்கள். நாட்டை நிறுவிய தலைவர்களின் தொலைநோக்கில் கொள்கை முழுவடிவில் பிறந்துவிட்டது, பின்வந்தவர்கள் அதைக் காத்துவந்தார்கள் என்பது முதல் வழி. சிறிய நாட்டுக்கு உயிர்பிழைப்பதைத் தவிர வேறு கொள்கை இருக்க முடியாது, நெறி பற்றிய பேச்செல்லாம் அதற்குப் போர்த்திய போர்வைதான் என்பது இரண்டாவது. சிங்கப்பூரைப் பற்றி இவ்விரண்டும் ஏராளமாகச் சொல்லப்பட்டுள்ளன. ஒன்றையொன்று மறுக்கும் இவ்விளக்கங்களுக்குப் பொதுவான நம்பிக்கை ஒன்று உண்டு: 1965-இல் இருந்த கொள்கையே 2022-இலும் இருந்தது, மாறியது சூழல் மட்டுமே. இந்த நம்பிக்கையைச் சான்றுகள் தாங்கவில்லை என்பதே இக்கட்டுரையின் வாதம். ஒரு நாட்டின்மீது இன்னொரு நாடு படையெடுப்பதை ஏற்க மாட்டோம் என்ற நெறியைச் சிங்கப்பூர் பிறக்கும்போதே சொன்னது. ஆனால் அந்நெறி நாட்டைக் கட்டுப்படுத்தும் வலிமையைப் பெற்றது பல ஆண்டுகள் கழித்துத்தான். ஐக்கிய நாடுகள் சபையில் சிங்கப்பூர் அளித்த ஒவ்வொரு வாக்கும் அடுத்த வாக்கை நிர்ணயிக்கத் தொடங்கியபோது அது நிகழ்ந்தது. 1975, 1979, 1983, 2003, 2022 ஆகிய ஐந்து தருணங்களை அருகருகே வைத்துப் பார்த்தால் இவ்வளர்ச்சியும் அதன் சறுக்கல்களும் புலப்படும்.

தொடக்கநிலையை முதலில் நினைவுகொள்ள வேண்டும். 1965 ஆகஸ்ட் 9 அன்று மலேசியாவிலிருந்து பிரிந்த சிங்கப்பூர், ஆறு வாரங்களில், செப்டம்பர் 21 அன்று, ஐ.நா.வின் 117-ஆவது உறுப்பு நாடாயிற்று. அப்போது அதனிடம் இரண்டு காலாட்படைப் பட்டாளங்களே இருந்தன. மலேசியாவுக்கு எதிரான இந்தோனேசியாவின் ‘மோதல்’ கொள்கை இன்னும் ஓயவில்லை. அதன் விளைவாக அவ்வாண்டு மார்ச் மாதம் சிங்கப்பூரின் மெக்டொனால்ட் ஹவுஸ் கட்டடத்தில் வெடித்த குண்டுக்கு மூவர் பலியாகியிருந்தனர். குடிநீரில் பெரும்பகுதி ஜொகூரிலிருந்து வந்தது. பிரிட்டிஷ் படைத்தளங்களைச் சார்ந்த வருவாய் பொருளாதாரத்தில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு. இந்நிலையில் முதல் வெளியுறவு அமைச்சரான எஸ். ராஜரத்தினத்துக்கு வெளியுறவின் முதல் பொருள் அங்கீகாரம் தேடுவதாகவே இருந்தது. யாழ்ப்பாணத்தில் பிறந்து மலாயாவில் வளர்ந்து இதழாளராகப் பெயர் பெற்ற அவர், துணைப்பிரதமர் டோ சின் சாயுடன் ஆப்பிரிக்க, ஆசிய, கிழக்கு ஐரோப்பியத் தலைநகரங்களுக்குச் சென்று, இத்தீவு பிரிட்டனின் நிழலாக இயங்கும் நாடன்று என்று விளக்க வேண்டியிருந்தது. 1961, 1962 தண்ணீர் ஒப்பந்தங்களுக்கான உத்தரவாதம் பிரிவினை உடன்பாட்டில் எழுதப்பட்டதும், அவ்வுடன்பாடு ஐ.நா.வில் பதிவு செய்யப்பட்டதும் இக்காலத்தின் மனப்போக்கைக் காட்டுகின்றன. தன் கையில் பலம் இல்லாதபோது, எழுதப்பட்ட சொல்லில் பிடிமானம் தேடியது அந்த நாடு. ஆயினும் சட்டத்தைத் துணைக்கு அழைப்பது வேறு, சட்டத்துக்காகத் தான் விலை கொடுப்பது வேறு. முதலாவது எந்த எளிய நாட்டுக்கும் இயல்பாக வரும். இரண்டாவதைச் சிங்கப்பூர் கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது.

அக்கல்வி நேர்க்கோட்டில் நடக்கவில்லை. மெக்டொனால்ட் ஹவுஸ் குண்டுவெடிப்புக்காகத் தண்டிக்கப்பட்ட இரு இந்தோனேசியக் கடற்படை வீரர்களை, அதிபர் சுகார்த்தோ கருணை கேட்டும், 1968 அக்டோபரில் சிங்கப்பூர் தூக்கிலிட்டது. ஜகார்த்தாவில் சிங்கப்பூர்த் தூதரகம் சூறையாடப்பட்டது. அந்தக் காயம் ஆற ஐந்து ஆண்டுகள் பிடித்தன. 1973-இல் ஜகார்த்தா சென்ற பிரதமர் லீ குவான் யூ அவ்விருவரின் கல்லறைகளில் மலர் தூவிய பிறகே உறவு சீரடைந்தது. இப்பின்னணியில்தான் 1975 டிசம்பரில் கிழக்குத் திமோர்மீது இந்தோனேசியா படையெடுத்ததை வைத்துப் பார்க்க வேண்டும். சிறிய நிலப்பகுதி ஒன்றைப் பெரிய அண்டைநாடு விழுங்குகிறது. சிங்கப்பூரின் அடிமன அச்சத்துக்கு இதைவிட நெருக்கமான நிகழ்வு இருக்க முடியாது. பொதுச்சபையில் மற்ற ஆசியான் நாடுகள் இந்தோனேசியாவை ஆதரித்தபோது சிங்கப்பூர் மட்டும் வாக்களிக்காமல் விலகி நின்றது. அந்த விலகலைக்கூட ஜகார்த்தா நட்புக்கு நேர்ந்த குறையாக எடுத்துக்கொண்டது. அடுத்த சில ஆண்டுகளில் சிங்கப்பூர் தன் வாக்கை மாற்றி இந்தோனேசியாவின் பக்கம் சேர்ந்தது. 1973-இல் அரும்பாடுபட்டு மீட்ட உறவை மீண்டும் இழக்க அந்நாடு துணியவில்லை. இதைப் புரிந்துகொள்ளலாம். ஆனால் சிங்கப்பூர் தொடக்கம் முதலே நெறி தவறாமல் நின்றது என்ற வரலாற்றுக்குள் இந்நிகழ்வைப் பொருத்த முடியாது. நெறி அப்போது சொல்லளவில் இருந்தது. அதைக் கைவிடுவதற்கு இந்நாடு செலுத்த வேண்டிய விலை எதுவும் இருக்கவில்லை.

அந்த விலையை உருவாக்கியது கம்போடியா. 1978 டிசம்பரில் வியட்நாம் கம்போடியாவுக்குள் நுழைந்து போல் பாட் ஆட்சியை அகற்றியது. இம்முறை சிங்கப்பூரின் நெறியும், அண்டைநாடுகளின் கவலையும், சோவியத் செல்வாக்கைப் பற்றிய அச்சமும் ஒரே திசையில் இருந்தன. ஆகவே எதிர்ப்பது எளிதாயிற்று. கவனிக்க வேண்டியது எதிர்த்த முறையை. 1979 நவம்பரில் அந்நியப் படைகள் வெளியேற வேண்டும் என்று ஆசியான் கொண்டுவந்த தீர்மானத்துக்குப் பொதுச்சபையில் 91 நாடுகள் ஆதரவளித்தன, 21 எதிர்த்தன, 29 விலகி நின்றன. அன்றிலிருந்து 1989 வரை ஏறக்குறைய ஒவ்வோர் ஆண்டும் அதே கோரிக்கையோடு அதே நாடுகளின் கதவைத் தட்ட வேண்டியிருந்தது. ஐ.நா.வில் நிரந்தரப் பிரதிநிதியாக இருந்த டாமி கோ முதலானோர் ஆப்பிரிக்க, கரீபிய, பசிபிக் நாடுகளிடம் முன்வைத்த வாதத்தில் தென்கிழக்காசிய அரசியலுக்கு இடம் குறைவு. காரணம் எதுவாயினும் படை கொண்டு ஓர் அரசை மாற்றும் உரிமை யாருக்கும் இல்லை என்ற பொதுவிதியே அவர்களின் ஆயுதம். தொலைவிலுள்ள நாடுகளின் ஆதரவு அந்தப் பொதுவிதியின் பேரில் கிடைத்ததால், பொதுவிதியை மீறும் ஒவ்வொரு செயலும் அந்த ஆதரவைக் கரைக்கும் என்ற நிலை உருவாயிற்று. 1975-இல் இல்லாத கட்டுப்பாடு 1979-க்குப் பின் இவ்வாறு வந்து சேர்ந்தது.

அதன் முதல் சோதனை நான்காண்டுகளில் வந்தது. 1983 அக்டோபரில் கரீபியத் தீவான கிரெனடாவில் அமெரிக்கப் படைகள் இறங்கின. சிங்கப்பூரின் பாதுகாப்புக்கும் வணிகத்துக்கும் அமெரிக்காவைவிட முக்கியமான நட்பு நாடு அப்போது இல்லை. கிரெனடாவோ உலகின் மறுகோடியில் இருந்த, சிங்கப்பூருக்கு எந்த நேரடி நலனும் இல்லாத இடம். உடனடி ஆதாயக் கணக்கு மட்டும் போட்டிருந்தால் விலகி நிற்பதே அறிவு. ஆனால் படையெடுப்பை வருந்தத்தக்கது என்ற தீர்மானத்துக்கு ஆதரவளித்த 108 நாடுகளில் சிங்கப்பூரும் ஒன்று. எதிர்த்தவை 9 மட்டுமே, விலகியவை 27. கம்போடியாவுக்காக ஆண்டுதோறும் வாக்குக் கேட்கும் நாடு கிரெனடாவில் மௌனம் காத்திருந்தால், அடுத்த ஆண்டு அந்தக் கோரிக்கை எடுபட்டிருக்காது. ஒரு வாக்கு மறுவாக்கைப் பிணைக்கும் இந்த இயக்கமே இளம் நாட்டின் கொள்கை முதிரும் விதம் என்று கருதுகிறேன். தலைவரின் உறுதியோ அறவுணர்வோ அதில் பங்கு வகித்திருக்கலாம். ஆனால் அவை இல்லாவிட்டாலும் செயல்படக்கூடிய ஒரு கட்டாயம் அதற்குள் பிறந்துவிட்டது.

இதே ஆண்டுகளில் சிங்கப்பூர் விதிகளை வேண்டுவதிலிருந்து விதிகளை வரைவதற்கு நகர்ந்தது தற்செயலன்று. மூன்றாம் கடற்சட்ட மாநாட்டின் நிறைவுக் கட்டத்துக்கு டாமி கோ தலைமை வகித்தார். 1982 டிசம்பரில் மான்டிகோ பே நகரில் ஒப்பந்தம் கையெழுத்தாயிற்று. நீரிணைகளைக் கடந்து செல்லும் உரிமையை உறுதிசெய்த அவ்வொப்பந்தம் துறைமுகத்தால் வாழும் நாட்டுக்கு உயிர்நாடி. 1992-இல் சிங்கப்பூர் 16 நாடுகளோடு தொடங்கிய சிறிய நாடுகள் மன்றம் பின்னர் நூற்றுக்கும் மேற்பட்ட உறுப்பினர்களைப் பெற்றது. மலேசியாவுடனான பெட்ரா பிராங்கா தீவுத் தகராற்றை இரு நாடுகளும் அனைத்துலக நீதிமன்றத்திடம் விட்டன. 2008 மே மாதத் தீர்ப்பு பெட்ரா பிராங்காவைச் சிங்கப்பூருக்கும், அருகிலுள்ள மிடில் ராக்ஸ் பாறைகளை மலேசியாவுக்கும் அளித்தது. இரு தரப்பும் அதை ஏற்றன. சீனாவுடனான முறையான உறவைக்கூட, இந்தோனேசியா பெய்ஜிங்குடன் உறவைப் புதுப்பித்த பிறகே, 1990 அக்டோபரில் சிங்கப்பூர் தொடங்கியது. சீனர் பெரும்பான்மை கொண்ட நாடு சீனாவின் நீட்சியாகிவிடுமோ என்ற அண்டைநாட்டாரின் ஐயத்தை அது சொல்லால் மறுப்பதோடு நிறுத்தவில்லை. காலத்தைச் செலவழித்து மறுத்தது.

இந்த வாதத்துக்கு எதிரான முதல் தடை, நெறியெல்லாம் நலனின் மறுபெயரே என்பது. சிங்கப்பூரின் நெறி அதன் நலனிலிருந்து முளைத்தது என்பதில் ஐயமில்லை. ஆனால் நலன் என்ற சொல் 1970-களின் பிற்பகுதியில் கிழக்குத் திமோரை விட்டுக்கொடுக்கச் சொன்னது. 1983-இல் நெருங்கிய நட்பு நாட்டுக்கு எதிராக வாக்களிக்கச் சொன்னது. இரண்டையும் விளக்கும் ஒரு சொல் உண்மையில் எதையும் விளக்குவதில்லை. நலன் எப்படி வாசிக்கப்பட்டது, இடையில் அந்த வாசிப்பு ஏன் மாறியது என்பதே கேள்வி. இரண்டாவது தடை இன்னும் கனமானது. 1967-இல் தொடங்கிய தேசியச் சேவை, 1971-இன் ஐந்து நாட்டுப் பாதுகாப்பு ஏற்பாடு, அமெரிக்கப் படைகளுக்கு வசதி அளிக்க 1990-இல் கையெழுத்தான உடன்பாடு ஆகியவையே நாட்டைக் காத்தன, சட்டம் அலங்காரம் என்பார்கள். படை அவகாசம் தரும் என்பதை மறுக்க வேண்டியதில்லை. படையில்லாத சிறுநாட்டின் சட்டவாதத்தை யாரும் பொறுமையாகக் கேட்கமாட்டார்கள். ஆனால் பெட்ரா பிராங்காமீதான உரிமையையோ, நீரிணைகளின் திறப்பையோ, தன் சொல்லுக்கு 91 நாடுகளின் ஆதரவையோ படையால் பெற்றிருக்க முடியாது. இரண்டும் வெவ்வேறு பொருள்களை ஈட்டித் தருகின்றன.

மூன்றாவது தடைக்கு முழுமையான விடை இல்லை. கம்போடியாவில் படையெடுப்பை எதிர்த்ததன் விலை, ஏறத்தாழ 15 முதல் 20 லட்சம் மக்களின் சாவுக்குக் காரணமான, போல் பாட்டின் கெமர் ரூஜ் ஐ.நா. இருக்கையில் தொடர்ந்து அமர்ந்ததாகும். 1982-இல் கம்போடியத் தலைவர்களான சிகானூக், சொன் சான் ஆகியோரின் அணிகளோடு கூட்டணி அமைக்கப்பட்டதும், 1991 பாரிஸ் உடன்பாட்டில் தீர்வு கண்டதும் அந்தக் கறையைக் குறைத்தன, போக்கவில்லை. எல்லையைக் காக்கும் விதி, எல்லைக்குள் மாந்தர்க்கு நேர்வதைப் பற்றிப் பேசுவதில்லை. தன் இறையாண்மையை அடித்தளமாகக் கொண்ட இளம் நாடு அந்தக் குருட்டுப் பக்கத்தையும் சேர்த்தே சுமக்கிறது. இதை ஒப்புக்கொள்வது இக்கட்டுரையின் வாதத்தைப் பலவீனப்படுத்தாது. கொள்கை முதிர்ந்தது என்பதும் கொள்கை அறத்தில் நிறைவானது என்பதும் ஒன்றல்ல.

நான்காவதாக 2003-ஐக் காட்டலாம். ஈராக் மீதான படையெடுப்புக்குப் பாதுகாப்பு மன்றத்தின் தெளிவான ஒப்புதல் இல்லாதபோதும் சிங்கப்பூர் அமெரிக்கா பக்கம் நின்றது. பின்னர் போக்குவரத்துக் கப்பலையும் விமானங்களையும் அனுப்பியது. கிரெனடாவின் தர்க்கம் இங்கே செயல்படவில்லை. முன்வாக்கின் பிணைப்பு இரும்புச் சங்கிலியன்று என்பதற்கு இது சான்று. ஆயினும் அப்போதும் பேரழிவு ஆயுதங்களின் அபாயத்தையும் பாதுகாப்பு மன்றத்தின் முந்தைய தீர்மானங்களையும் துணைக்கு அழைத்தே அரசு தன் நிலையை நியாயப்படுத்த வேண்டியிருந்தது. நெறி மீறப்பட்டபோதும் விளக்கம் கேட்கும் இடத்தில் அமர்ந்திருந்தது. கம்போடிய வாக்குகள் ஆண்டுதோறும் தேவைப்பட்ட காலம் 1989-உடன் முடிந்துவிட்டிருந்தது என்பதையும் மறக்கலாகாது. பிணைக்கும் கயிறு தளர்ந்திருந்த வேளையில் சறுக்கல் நேர்ந்தது.

2022 பிப்ரவரியில் ரஷ்யா உக்ரைனுக்குள் நுழைந்தபோது சிங்கப்பூர் எடுத்த முடிவை இந்த முழுப் பதிவேட்டோடும் சேர்த்து வாசிக்க வேண்டும். மார்ச் 2 அன்று கண்டனத் தீர்மானத்தை ஆதரித்த 141 நாடுகளில் அதுவும் ஒன்று. அத்தோடு நிற்கவில்லை. பாதுகாப்பு மன்றத் தீர்மானம் இல்லாமலேயே ஏற்றுமதிக் கட்டுப்பாடுகளையும் வங்கித்துறைத் தடைகளையும் விதித்த ஒரே ஆசியான் நாடாயிற்று. ரஷ்யா அதைத் தன் நட்பற்ற நாடுகளின் பட்டியலில் சேர்த்தது. ஐந்தாண்டுகளுக்கு முன், 2017-இல், லீ குவான் யூ மறைந்தபின் சிறிய நாடு சிறிய நாடாக அடங்கி நடப்பதே விவேகம் என்று முன்னாள் தூதர் கிஷோர் மஹ்புபானி எழுதியதும், மூத்த அரசதந்திரி பிலஹரி கௌசிகன் முதலானோர் அதைக் கடுமையாக மறுத்ததும் நினைவிருக்கும். மஹ்புபானியின் எச்சரிக்கையில் ஒரு உண்மை உண்டு: வாயாடும் சிறுநாடு தேவையில்லாத பகையைத் தேடிக்கொள்ளும். ஆனால் மௌனமும் பதிவேட்டில் ஏறும் என்பதை அவ்வாதம் கணக்கில் கொள்ளவில்லை. கிழக்குத் திமோரில் காத்த அமைதி யாரும் எடுத்துக்காட்டாத அமைதியாகவே இருக்கிறது. கிரெனடா வாக்கையோ சிங்கப்பூர் அரசதந்திரிகள் இன்றும் சான்றாகச் சுட்டுகிறார்கள்.

ஆகவே இளம் நாடுகளின் வெளியுறவை ஆய்வோர் சுதந்திர நாள் உரைகளிலும் தலைவர்களின் வாழ்க்கை வரலாறுகளிலும் கொள்கையின் பிறப்பைத் தேடுவதோடு அமையக் கூடாது. விலை கொடுக்க நேர்ந்த வேளைகளில் அந்நாடு எப்படி வாக்களித்தது, அந்த வாக்கு அடுத்ததை எவ்வாறு கட்டியது அல்லது கட்டத் தவறியது என்பதைப் பின்தொடர வேண்டும். அவ்வாறு பார்க்கும்போது சிங்கப்பூரின் நெறி முன்னோர் விட்டுச்சென்ற மாறாச் சொத்தாகத் தெரியாது. 1970-களில் தளர்ந்து, 1979-க்குப் பின் இறுகி, 2003-இல் நழுவி, 2022-இல் மீண்டும் பற்றப்பட்ட ஒன்றாகத் தெரியும். அந்நாட்டின் அடுத்த தலைமுறைக்கு இதிலுள்ள செய்தி தெளிவானது. இந்நெறி மரபாகக் கிடைத்துவிட்டது என்று எண்ணி ஓய முடியாது. நண்பன் தவறு செய்யும்போது அளிக்கும் அடுத்த வாக்குதான் அது இன்னும் நெறியா, இல்லையா என்பதைத் தீர்மானிக்கும்.