வீட்டுக்கடனின் விலை: வட்டி விகிதத்திலா, தவணைக்காலத்திலா?

வீட்டுக்கடன் வாங்கப் போகிறவர் வங்கியில் கேட்பது பெரும்பாலும் இரண்டே கேள்விகள்தாம்: வட்டி எத்தனை சதவீதம், மாதம் எவ்வளவு கட்ட வேண்டும்? இரண்டுக்கும் விடை உடனே கிடைத்துவிடுகிறது. கடைசித் தவணை கட்டி முடித்துப் பத்திரத்தை மீட்கும் நாளில் அந்தக் கடன் என்ன விலைக்கு முடிந்திருக்கும் என்று கேட்பவர் குறைவு. கேட்டாலும் திருத்தமான விடை கிடைப்பதில்லை. இந்தியாவில் இன்று பரவலாக உள்ள மாறும் வட்டிக் கடனில் அந்த விலை தவணைக்காலத்தில் தங்கியிருக்கிறது என்பதும், மாதத் தவணையை அசைக்காமல் காலத்தை நீட்டும் வழக்கம் அதைக் கடனாளியின் பார்வையிலிருந்து மறைக்கிறது என்பதும் இக்கட்டுரையின் வாதம். 2019 முதல் ரிசர்வ் வங்கி செய்துவரும் சீர்திருத்தங்கள் மதிக்கத்தக்கவை. ஆனால் இந்த மறைப்பை அவை முழுமையாக விலக்கவில்லை.

முதலில் எளிய கணக்கைப் பார்ப்போம். 50 லட்ச ரூபாய்க் கடன், 8.5 சதவீத வட்டி, 20 ஆண்டுகள். மாதத் தவணை 43,391 ரூபாய். முதல் தவணையில் 35,417 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 7,974 ரூபாய். ஐந்து ஆண்டுகள் தவறாமல் கட்டினால் கையிலிருந்து போயிருப்பது ஏறத்தாழ 26 லட்சம். அசலில் குறைந்திருப்பது ஏறத்தாழ 5.94 லட்சம். அசலில் பாதி கழிவதற்குப் பதினான்காம் ஆண்டின் கடைசி மாதங்கள் வந்துவிடுகின்றன. இருபது ஆண்டு முடிவில் மொத்தம் 1.04 கோடி கட்டியிருப்போம். அதில் வட்டி மட்டும் 54 லட்சத்துக்கு மேல்.

இதில் வங்கி ஏமாற்றுகிறது என்று சொல்ல எதுவும் இல்லை. நிலுவையில் உள்ள தொகைக்கு மட்டுமே வட்டி கணக்கிடப்படுகிறது. தொடக்கத்தில் நிலுவை அதிகம், ஆகவே வட்டியும் அதிகம். 'வாங்கியது ஐம்பது, கட்டியது நூறு' என்று அதிர்ச்சியூட்டும் பேச்சு நம் ஊடகங்களில் நிறையக் கேட்கிறது. அந்தப் பேச்சை நான் ஏற்கவில்லை. இந்த ஆண்டின் ரூபாயையும் இருபதாம் ஆண்டின் ரூபாயையும் ஒரே எடையில் கூட்டிச் சொல்லும் கணக்கு அது. ரிசர்வ் வங்கியின் பணவீக்க இலக்கான 4 சதவீதத்தையே அளவாகக் கொண்டால், இருபதாம் ஆண்டு இறுதியில் கட்டும் 43,391 ரூபாய் இன்றைய மதிப்பில் 19,800 ரூபாய்தான். எல்லாத் தவணைகளையும் அவ்வாறே இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் 1.04 கோடி என்பது ஏறத்தாழ 72 லட்சமாகிறது. ஐம்பது லட்சத்துக்கு மேல் உண்மையில் கொடுக்கும் விலை 22 லட்சம்.

தவணைக்காலத்தைத் தேர்ந்தெடுப்பதிலும் இதே எச்சரிக்கை தேவை. அதே கடனை 30 ஆண்டுகளுக்கு எடுத்தால் மாதத் தவணை 38,446 ரூபாயாகக் குறைகிறது. மொத்த வட்டி 88 லட்சத்தைத் தாண்டுகிறது. மாதம் ஐயாயிரத்துக்கும் குறைவான சலுகைக்கு 34 லட்சம் கூடுதல் வட்டியா என்று மலைப்பு வரும். பணவீக்கத்தைக் கழித்துப் பார்த்தால் அந்த வித்தியாசம் ஏறத்தாழ 9 லட்சம். சிறிய தொகை இல்லைதான். ஆனால் 34 லட்சமும் இல்லை.

எனினும் பணவீக்கத்தால் கிடைக்கும் இந்த ஆறுதலுக்கு ஒரு நிபந்தனை உண்டு: விலைவாசியோடு சேர்ந்து வருமானமும் உயர வேண்டும். அகவிலைப்படி பெறும் அரசு ஊழியருக்கு அது பெருமளவு நடக்கிறது. திருப்பூரில் பின்னலாடை ஒப்பந்தம் எடுத்து நடத்துபவருக்கோ, ஐம்பது வயதில் வேலையிழக்கும் மென்பொருள் ஊழியருக்கோ அந்த உறுதி இல்லை. ஒரே கடன், ஒரே வட்டி; ஆனால் இருவர் கொடுக்கும் உண்மை விலை வேறு வேறு. கடனின் விலையைப் பற்றி எழுதுவோர் பலரும் இந்த வேறுபாட்டைக் கண்டுகொள்வதில்லை.

காலம் யார் கையில்?

இதுவரை பார்த்த கணக்குகள் எல்லாம் வட்டி மாறாது என்று கொண்டு போட்டவை. நம் வீட்டுக்கடன்களோ பெரும்பாலும் மாறும் வட்டிக் கடன்கள். அமெரிக்காவில் முப்பது ஆண்டுகளுக்கு ஒரே வட்டி என்ற கடன் இயல்பானது. வட்டி ஏறினால் வரும் இழப்பு கடனைப் பத்திரமாக்கி வாங்கிய முதலீட்டாளரைச் சேர்கிறது. வீட்டுக்கடன்களை வாங்கிக்கொள்ளும், 1938இல் தொடங்கப்பட்ட ஃபேனி மே போன்ற அமைப்புகளின் துணையோடு உருவான ஏற்பாடு அது. நம்மிடம் அத்தகைய சந்தை வளரவில்லை. எனவே இருபது ஆண்டுக் காலத்து வட்டி ஏற்ற இறக்கங்களின் சுமை முழுவதையும் மாதச் சம்பளத்தில் வாழும் ஒரு குடும்பம் தாங்குகிறது.

அந்தச் சுமை எந்த அளவுகோலின்படி இறங்குகிறது என்பதே நெடுங்காலம் தெளிவாக இருந்ததில்லை. பி.எல்.ஆர். எனப்படும் முதன்மைக் கடன் விகித முறைக்குப் பின் 2010 ஜூலையில் அடிப்படை விகித முறை வந்தது. 2016 ஏப்ரலில், வங்கி நிதி திரட்டும் இறுதிநிலைச் செலவை வைத்துக் கணக்கிடும் எம்.சி.எல்.ஆர். வந்தது. இவை எல்லாமே வங்கி தானே கணக்கிட்டுக்கொள்ளும் அளவுகோல்கள். ரிசர்வ் வங்கியின் கொள்கை விகிதமான ரெப்போ ஏறும்போது பழைய கடனாளியின் வட்டி விரைந்து ஏறியது. இறங்கும்போது மெதுவாக இறங்கியது. புதிதாகக் கடன் வாங்க வருபவருக்குக் குறைந்த வட்டியும், பத்தாண்டுகளாக ஒழுங்காகக் கட்டிவருபவருக்குக் கூடுதல் வட்டியும் ஒரே வங்கியில் அருகருகே இருந்தன. ஜனக் ராஜ் தலைமையில் ரிசர்வ் வங்கி அமைத்த உள் ஆய்வுக் குழு, அளவுகோலையும் அதன்மேல் சேர்க்கும் கூடுதல் விகிதத்தையும் வங்கிகள் தம் விருப்பப்படி கையாண்டதை 2017இல் வெளியான அறிக்கையில் சுட்டிக்காட்டி, வங்கிக்கு வெளியே உள்ள அளவுகோலைப் பரிந்துரைத்தது. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள் ரெப்போ போன்ற புற அளவுகோலோடு இணைக்கப்பட்டன. வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை. அவை இன்றும் தம் சொந்த அளவுகோலையே வைத்துக்கொள்ளலாம். கடன் வாங்குபவரில் எத்தனை பேர் தாம் கையெழுத்திடுவது வங்கியிடமா, நிதி நிறுவனத்திடமா என்று இந்தக் கோணத்தில் யோசிக்கிறார்கள்?

புற அளவுகோல் வந்ததும் ஒளிவுமறைவு குறைந்தது. ஆனால் அதிர்வு கூடியது. 2022 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் ஆறு முறை உயர்ந்து 6.50 சதவீதமானது. ஒன்பதே மாதங்களில் இரண்டரை சதவீதப் புள்ளிகள். அதற்குச் சற்று முன் 6.75 சதவீதத்தில் 50 லட்சம் வாங்கிய ஒருவரை எடுத்துக்கொள்வோம். இருபது ஆண்டுக்கு அவரது தவணை 38,018 ரூபாய். எளிமைக்காக, ஓராண்டு கழித்து மொத்த உயர்வும் ஒரே நாளில் வந்ததாகக் கொள்வோம். அப்போது நிலுவை ஏறத்தாழ 48.78 லட்சம், புதிய வட்டி 9.25 சதவீதம், ஒரு மாத வட்டியே 37,598 ரூபாய். தவணையை மாற்றாவிட்டால் அசலில் கழிவது 420 ரூபாய். மீதமிருந்த 228 தவணைகள் 587 ஆகின்றன: ஏறத்தாழ 49 ஆண்டுகள்.

இவ்வளவு நீட்டிக்க எந்த வங்கியும் சம்மதிக்காது. ஓய்வு வயதைத் தாண்டி நீட்டவும் தயங்கும். நடைமுறையில் நடப்பது ஒரு கலவை: காலத்தை முடிந்த மட்டும் நீட்டி, மீதியைத் தவணையில் ஏற்றுவது. மேற்சொன்னவர் மூலக் காலத்துக்குள்ளேயே முடிக்க விரும்பினால் தவணை 45,498 ரூபாயாக உயர வேண்டும். மொத்தக் காலத்தை 30 ஆண்டாக்கினால் 40,388 ரூபாய் போதும். மாதம் 5,110 ரூபாய் மிச்சம். ஆனால் 120 தவணைகள் கூடுதல். வட்டி அதே அளவில் நீடித்தால், இனிமேல் கட்ட வேண்டிய தொகை 1.04 கோடியிலிருந்து 1.41 கோடியாகிறது. 2025இல் ரெப்போ இறங்கத் தொடங்கியது உண்மை. தவணையைக் குறைக்காமல் விட்டவருக்கு அந்த இறக்கம் காலத்தைச் சுருக்கிக் கொடுக்கும். எப்போது இறங்கும், எவ்வளவு இறங்கும் என்பதை 2023இல் கால நீட்டிப்புக்குக் கையெழுத்திட்டவர் அறிந்திருக்க முடியாது.

2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி வெளியிட்ட சுற்றறிக்கை இந்த அனுபவத்திலிருந்து பிறந்தது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்ற தேர்வு கடனாளிக்கு வேண்டும். நீட்டிப்பால் தவணை அந்த மாத வட்டிக்கே போதாத நிலை வரக்கூடாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை, மிச்சமுள்ள தவணைகளின் எண்ணிக்கை உள்ளிட்ட விவரங்களைத் தர வேண்டும் என்று அது பணித்தது. 2024 அக்டோபர் முதல் கடன் வழங்கும்போது முக்கிய விவர அறிக்கை தருவதும் கட்டாயமாயிற்று. ஆண்டுச் செலவு விகிதம், அன்றைய வட்டியில் மொத்த வட்டித் தொகை, அளவுகோல் கால் சதவீதம் மாறினால் தவணையும் தவணைகளின் எண்ணிக்கையும் எப்படி மாறும் என்ற விவரம் எல்லாம் அதில் உள்ளன.

என் மறுப்பு இந்தக் கடைசி விவரத்தின் மேல்தான். நம் 6.75 சதவீத எடுத்துக்காட்டில், தவணை மாறாமல் வட்டி கால் சதவீதம் ஏறினால் 9 தவணைகள் கூடுகின்றன. அதைப் படிப்பவர், இரண்டரை சதவீதம் ஏறினால் பத்து மடங்கு, அதாவது 90 தவணைகள் கூடும் என்றுதான் கணிப்பார். உண்மையில் கூடுவது ஏறத்தாழ 359. வட்டி ஏற ஏற, தவணையில் அசலின் பங்கு சுருங்கிச் சுழியத்தை நெருங்குகிறது. காலம் அதற்கேற்ப எகிறுகிறது. சிறு மாற்றத்துக்குச் சொல்லப்பட்ட எண் பெரிய மாற்றத்தின் ஆபத்தைக் குறைத்துக் காட்டுகிறது. சட்டப்படி எல்லாம் சொல்லப்பட்டுவிட்டது. படித்தவர் புரிந்துகொண்டதோ வேறு.

இங்கே ஓர் எதிர்வாதத்தை நேர்மையாக எதிர்கொள்ள வேண்டும். காலத்தை நீட்டுவது கருணை அல்லவா? திடீரென 7,480 ரூபாய் கூட்டிக் கட்டச் சொன்னால் பள்ளிக் கட்டணமும் மருத்துவச் செலவும் தடுமாறும், கடன் தவறும், வீடே போகும். இந்த வாதம் வலுவானது, அதை நான் ஏற்கிறேன். நீட்டிப்பு ஒரு காப்பீடு போலவே பயன்படுகிறது. ஆனால் காப்பீட்டுக்குப் பிரீமியம் எவ்வளவு என்று சொல்லித்தான் விற்கிறோம். இந்தக் காப்பீட்டின் பிரீமியமான 120 கூடுதல் தவணைகளை எடுத்துச் சொல்லாமல், பதில் வராவிட்டால் சம்மதம் என்று கொண்டு நீட்டுவதைத்தான் எதிர்க்கிறேன். முப்பத்தெட்டு வயதில் கடன் வாங்கிய தமிழ்நாடு அரசு ஊழியர் அறுபதில் ஓய்வு பெறுகிறார். அவருக்கு நீட்டிப்பு என்பது ஓய்வூதியத்திலிருந்தோ பணிக்கொடையிலிருந்தோ கழியப்போகும் தொகை. அந்த முடிவை அவர் தெரிந்தே எடுக்க வேண்டும்.

பிற செலவுகளைச் சுருக்கமாகச் சொல்லலாம். கடனோடு சேர்த்து விற்கப்படும் ஒற்றைப் பிரீமியக் காப்பீடு பல வேளைகளில் அசலிலேயே ஏற்றப்படுகிறது, 1.5 லட்சம் பிரீமியம் 8.5 சதவீதத்தில் இருபது ஆண்டுகளில் 3.12 லட்சமாகிறது. கட்டி முடியாத அடுக்ககத்துக்குக் கட்டும் முன்தவணை வெறும் வட்டி. அதே வட்டியில் 25 லட்சம் வழங்கப்பட்ட நிலையில் இரண்டு ஆண்டு தாமதமானால் 4.25 லட்சம் போய்விடும், அசல் ஒரு ரூபாய்கூடக் கழியாது. வாடகை அதற்கு மேல். வரிச்சலுகையை நம்பிக் கணக்குப் போட்டவர்களும் மறுபடி பார்க்க வேண்டும்: தாம் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குப் பழைய வரிமுறையில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு, 2023-24 நிதியாண்டு முதல் இயல்பாக்கப்பட்ட புதிய வரிமுறையில் அது கிடையாது.

முன்கூட்டிக் கட்டுவது பற்றியும் மிகை நிறைய உலவுகிறது. 8.5 சதவீத, இருபது ஆண்டுக் கடனில் முதலாண்டு இறுதியில் ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் கடைசியில் ஏறத்தாழ 11 தவணைகள், அதாவது 4.8 லட்சம் குறையும். ஒன்றுக்கு ஐந்து என்று இதைப் பரப்புகிறார்கள். அந்த 4.8 லட்சம் பத்தொன்பது ஆண்டுகள் கழித்து மிஞ்சும் பணம். ஒரு லட்சத்துக்கு அது ஈட்டித் தருவது கடனின் வட்டியான 8.5 சதவீதமே, அதற்கு மேல் இல்லை. ஆனால் இடர் இல்லாமல், வட்டிக்கு வரி கட்டாமல் 8.5 சதவீதம் கிடைக்கும் சேமிப்பு சாதாரணக் குடும்பத்துக்கு வேறு எங்கும் எளிதில் கிடைப்பதில்லை. மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைக்க வங்கிகள் அபராதம் வாங்குவதை ரிசர்வ் வங்கி 2012 ஜூனிலேயே தடைசெய்துவிட்டது. காலத்தின் பிடியைக் கடனாளி தன் கைக்குக் கொண்டுவர இருக்கும் நேரான வழி இதுதான். அவசரத்துக்குக் கையில் பணம் வைத்துக்கொண்ட பிறகு அதைப் பயன்படுத்த வேண்டும் என்பது என் துணிபு.

ரிசர்வ் வங்கி செய்ய வேண்டியது பெரிதாக எதுவும் இல்லை. முக்கிய விவர அறிக்கையில் கால் சதவீத மாற்றத்தோடு இரண்டரை சதவீத மாற்றத்தின் விளைவையும் அச்சிடச் சொல்லலாம்; அந்த அளவு ஏற்றம் அண்மையில் நடந்த ஒன்று, கற்பனை இல்லை. மூன்று மாத அறிக்கையில் கடன் முதலில் முடிவதாக இருந்த தேதி, இப்போது முடியும் தேதி, இனிக் கட்ட வேண்டிய மொத்த வட்டி ஆகிய மூன்றையும் ஒரே வரிசையில் காட்டச் சொல்லலாம். கடனாளி எழுத்தில் சம்மதிக்காதவரை காலம் நீளக்கூடாது என்று விதிக்கலாம். வீட்டுவசதி நிதி நிறுவனங்களையும் புற அளவுகோலுக்குள் கொண்டுவரலாம். இவை வரும்வரை, கடன் உள்ள ஒவ்வொருவரும் தம் வங்கிக்கு எழுதி அந்த மூன்று விவரங்களையும் கேட்டு வாங்க வேண்டும்.