கனம் கிருஷ்ணையர்

கனம் கிருஷ்ணையர் 19-ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் புகழ்பெற்றிருந்த இசைவாணர். தமிழில் பதங்கள் இயற்றியவர். அரியலூர்ப் பக்கத்துப் பெரிய திருக்குன்றம் அவரது ஊர். தஞ்சையில் பச்சைமிரியன் ஆதிப்பையரிடம் இசை பயின்றார்.

பெயரின் முன்னுள்ள ‘கனம்’ மரியாதைப் பட்டமன்று, அவர் கற்ற பாட்டுமுறை. பாடும் முறையைக் கனம், நயம், தேசிகம் எனப் பிரிப்பார்கள். நாபியிலிருந்து மூச்சை எழுப்பி அழுத்தமாகப் பாடும் கன மார்க்கத்துக்கு உடலுரமும் நெடுநாள் சாதகமும் வேண்டும். அதனாலேயே அதை மேற்கொண்டவர்கள் மிகச் சிலர். தஞ்சைக்கு வந்த பொப்பிலி கேசவையாவின் பாட்டைக் கேட்டு அம்முறையில் இறங்கிய கிருஷ்ணையர், கபிஸ்தலம் மூப்பனாரின் ஆதரவில் சாதகம் செய்து தேர்ந்தார்.

திருவிடைமருதூரில் மராட்டிய அரச குடும்பத்தாரின் சபையில் சிலகாலம் இருந்தார். நந்தனார் சரித்திரக் கீர்த்தனை பாடிய கோபாலகிருஷ்ண பாரதிக்கு அங்கே அவரது பழக்கம் வாய்த்தது. பின்பு உடையார்பாளையம் ஜமீனின் ஆஸ்தான வித்துவானார். ஜமீன்தார் கச்சிரங்கரைப் பாட்டுடைத் தலைவராக வைத்தும் பாடியிருக்கிறார். புரவலரைப் புகழ்வது அக்காலத்து வழக்கம்தான். ஆனால் இவர் பதங்களில் முகஸ்துதியைவிடத் தலைவியின் ஏக்கமே மேலோங்கி நிற்கிறது.

பைரவியில் அமைந்த ‘வேலவரே’ பதம் அவர் படைப்புகளில் நன்கு அறியப்பட்டது. பதம் விளம்ப காலத்தில் நகரும். பாடுபவர் ஒரே அடியைத் திரும்பத் திரும்பப் பாட, ஆடுபவர் ஒவ்வொரு முறையும் கண்ணாலும் கையாலும் வேறொரு பாவம் காட்டுவார். அதற்கு இடம் விட்டுச் சொல்லை அடுக்கத் தெரிந்தவர் கிருஷ்ணையர். பரதநாட்டிய மேடையில் அவர் பாட்டு இன்றும் நிலைப்பதற்கு இதுவே காரணம். பெயர் மட்டும் அவ்வளவாக வெளியே தெரியவில்லை.

உ.வே.சாமிநாதையரின் தந்தை வேங்கடசுப்பையர் கிருஷ்ணையருக்கு உறவினர். உடையார்பாளையத்தில் அவரிடமே இசை கற்றவர். தந்தை வாய்மொழியாகச் சொன்ன செய்திகளைக் கொண்டே சாமிநாதையர் ‘கனம் கிருஷ்ணையர்’ என்ற நூலை 1936-இல் வெளியிட்டார். கிருஷ்ணையரைப் பற்றி எழுதுவோருக்கு இன்றுவரை அதுவே முதல் ஆதாரம்.