நசீர் அலி ஜைராஸ்பாய்

நசீர் அலி ஜைராஸ்பாய் (1927–2009) இந்துஸ்தானி ராகங்களை ஆராய்ந்து பெயர் பெற்ற இசையறிஞர். பின்னாளில் ஆவணப்படத்தின் வழியே, இந்தியாவில் வாழும் ஆப்பிரிக்க வம்சாவளியினரான சித்திகளின் வரலாற்றைத் தேடியவர். இங்கிலாந்தில் பிறந்த இந்தியரான இவர், லண்டனில் டச்சு அறிஞர் ஆர்னால்ட் பாக்கெயிடம் பயின்றார். லாஸ் ஏஞ்சல்ஸில் உள்ள கலிஃபோர்னியா பல்கலைக்கழகத்தில் இன இசையியல் துறையின் முதல் தலைவராகவும் இருந்தார்.

பாக்கெ 1938 வாக்கில் தமிழ்நாடு, கேரளம், கர்நாடகத்தில் ஊர் ஊராகப் போய்ப் பாட்டையும் ஆட்டத்தையும் பதிவு செய்திருந்தார். 1984-இல் ஜைராஸ்பாயும், அவருடைய மனைவியும் ஆய்வாளருமான ஏமி கேட்லினும் அதே ஊர்களுக்குத் திரும்பப் போனார்கள். அந்தக் கலைகளில் எது நிலைத்தது, எது உருமாறியது என்று கேட்டார்கள். தென்னிந்திய நாட்டார் கலையில் அக்கறை உள்ளவர்கள் தவறவிடக் கூடாத ஆய்வு அது.

சித்திகளின் முன்னோர் அடிமைகளாகவும் படைவீரர்களாகவும் மாலுமிகளாகவும் அரபிக்கடல் தாண்டி வந்தவர்கள். எத்தியோப்பியாவில் பிறந்து அடிமையாக விற்கப்பட்ட மாலிக் அம்பர், அகமதுநகர் அரசையே நடத்தும் நிலைக்கு உயர்ந்து 1626-இல் இறந்தார். அகமதாபாத்தின் சிதி சையத் மசூதியைக் கட்டியவரும் ஆப்பிரிக்க வழிவந்தவரே. இவ்வளவு இருந்தும் நம் பள்ளிப் பாடங்களில் இவர்களுக்குக் கிடைத்த இடம் மிகக் குறைவு. குஜராத்தி பேசி, குஜராத்திலேயே தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தும் நிறத்தையும் முடியையும் பார்த்து, 'எந்த நாடு?' என்று கேட்கப்படுபவர்கள் குஜராத்துச் சித்திகள்.

ஜைராஸ்பாயும் கேட்லினும் 2003-இல் வெளியிட்ட 'ஆப்பிரிக்காவிலிருந்து இந்தியாவுக்கு' என்ற படம் இந்த வரலாற்றை இசையைக் கொண்டு சொல்கிறது. பரூச் மாவட்டத்து ரத்தன்பூரில் இருக்கும் பாவா கோர் தர்கா சித்திகளின் முக்கியமான வழிபாட்டிடம். மேடைகளில் சித்தி ஆட்டக்காரர் தேங்காயை மேலே எறிந்து தலையால் உடைப்பார், கூட்டம் கைதட்டும். ஆனால் வரலாற்றுக்குச் சாட்சி சொல்வது மலுங்கா என்னும் வில் வாத்தியம்தான். வளைத்த கழி, ஒற்றை நரம்பு, ஒலியைப் பெருக்க ஒரு சுரைக்குடுவை. நரம்பைச் சிறு குச்சியால் தட்டி வாசிப்பார்கள். ஆப்பிரிக்க அடிமைகளோடு பிரேசில் போன பெரிம்பாவ் என்னும் வில் வாத்தியமும் இதே அமைப்புதான். இரு பெருங்கடல்களின் கரைகளில் இப்படி ஒரே வாத்தியம் நிற்பது எந்த ஆவணத்துக்கும் குறைந்த சான்றல்ல.

குஜராத்தில் மலுங்கா வாசிக்கத் தெரிந்தவர்கள் அருகிவந்தார்கள். அதை மீண்டும் தழைக்கச் செய்யும் முயற்சியே இருவரும் 2004-இல் கொண்டுவந்த 'சித்தி மலுங்கா திட்டம்' என்னும் படம். அதே ஆண்டு கேட்லினும் வரலாற்றாசிரியர் எட்வர்ட் ஆல்பர்ஸும் சித்திகள் பற்றிய கட்டுரைத் தொகுப்பொன்றைப் பதிப்பித்தார்கள். ஆவணப்படம் எடுத்த பெஹ்ரோஸ் ஷ்ராஃப் இசையைவிடப் பேச்சுக்கு இடம் கொடுத்தார்: 'சித்திகளின் குரல்கள்' என்ற அவரது படவரிசையில் சித்திகள் தங்களை இந்தியர், ஆப்பிரிக்கர் என இரண்டாகவும் தாங்களே அறிமுகம் செய்துகொள்கிறார்கள்.