பெயரும் பிறமொழி எழுத்தும்

சேலத்திலிருந்து இருபது கொண்டையூசி வளைவுகளைக் கடந்து மேலே சென்றால், ஏரியும் காடும் சூழ்ந்த ஓர் ஊர் நம்மை வரவேற்கும். ஏரிக்காடு என்பதே ஏற்காடு ஆயிற்று என்பது பலரும் கூறும் பெயர்க்காரணம். அதற்கும் மேலே, கடல்மட்டத்திலிருந்து ஐயாயிரம் அடிக்கு மேற்பட்ட உச்சியில், சிறு குகைக்கோயிலில் சேர்வராயன் உறைகின்றார். உடன் காவேரியம்மனும் உண்டு. மே மாதத் திருவிழாவில் மலைவாழ் மக்கள் திரளாகக் கூடுவர். சேர்வராயன் மலை என்பது இத்தெய்வத்தின் பெயரால் அமைந்த பெயரே.

1820-களில் சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் என்பவர் இம்மலையில் காப்பிப் பயிரைப் புகுத்தினார். தோட்டங்கள் பெருகின, ஆவணங்களும் பெருகின. அவ்வாவணங்களில் சேர்வராயன் 'ஷெவராய்' ஆனார். நடுவே நின்ற ரகர ஒற்றும் போயிற்று. ஈற்றில் நின்ற 'அன்' விகுதியும் போயிற்று. ஏற்காட்டின் ஆங்கில எழுத்துக்களையோ, ஊரை அறியாத ஒருவர் 'யெர்காவுட்' என்று படித்தாலும் அவர்மீது குறை கூறுதற்கில்லை. எழுதியவர் காதில் விழுந்தது ஒன்று. பின்வந்தவர் கண்ணில் பட்டது வேறொன்று.

இம்மலைச் சரிவில் பிறந்து, தமிழாசிரியனாகப் பணியாற்றி ஓய்வு பெற்றவன் நான். இவையெல்லாம் பழங்கதை என்றே எண்ணியிருந்தேன். என் தமையனார் மகள் யாழினி ஜப்பானுக்குப் பணிக்குச் சென்றபின்தான் அது பழங்கதையன்று என உணர்ந்தேன்.

அங்கு சென்ற முதல் மாதத்தில் அவள் ஓர் அலுவலகத்தில் தன் பெயரைப் பதிய நேர்ந்தது. அங்கிருந்த எழுத்தர் அவளுடைய கடவுச்சீட்டைப் பார்த்து, அதிலிருந்த ஆங்கில எழுத்துக்களைத் தம் எழுத்தில் பெயர்த்து எழுதிக்கொண்டார். நம் ழகரத்தை ஆங்கிலத்தில் 'இஸட்', 'எச்' என இரண்டு எழுத்துக்களைக் கூட்டி எழுதுகின்றோம். அது நமக்குள் நாம் செய்துகொண்ட ஏற்பாடு. ஜப்பானியர்க்கு எவ்வாறு தெரியும்? அவர் அதனை ஜகரமாகக் கொண்டார். யகரத்தின் நெடிலை ஆங்கிலம் காட்டவில்லை. எனவே அதனைக் குறிலாக்கினார். யாழினி 'யஜினி' ஆனாள். இருமுறை அழைத்தும் அவள் எழவில்லை, முறை தவறிற்று. அன்றிரவு தொலைபேசியில், "சித்தப்பா, என் பெயரைத்தான் கூப்பிட்டார்கள். அது என் பெயர் என்று எனக்கே தெரியவில்லை" என்றாள். சிரித்துக்கொண்டே சொன்னாள், எனினும் அச்சிரிப்பில் ஒரு வருத்தம் இருந்தது.

அதன்பின் நான் ஜப்பானிய எழுத்துமுறையைப் பற்றிப் படிக்கலானேன். அவர்களிடம் மூன்று வகை எழுத்துக்கள் உள. சீனத்திலிருந்து பெற்ற கஞ்சி பொருளை உணர்த்தும். ஹிரகனாவும் கத்தக்கனாவும் ஒலியை உணர்த்தும். கத்தக்கனா, ஏறத்தாழ ஒன்பதாம் நூற்றாண்டில், சீன மொழியிலிருந்த பௌத்த நூல்களைப் படிக்கும் துறவியர், சீன எழுத்துக்களின் ஒரு பகுதியை மட்டும் எடுத்துக் குறிப்பெழுதப் பயன்படுத்தியதால் தோன்றியது. இன்று பிறநாட்டார் பெயர்களை எழுத அதுவே பயன்படுகிறது.

அவ்வெழுத்துக்களின் வரிசையைக் கண்டபோது எனக்கு வியப்பு உண்டாயிற்று. முதலில் அ, இ, உ, எ, ஒ என ஐந்து உயிர்கள். பின்னர் க, ச, த, ந, ஹ, ம, ய, ர, வ. இவற்றுள் ஹகரம் பழங்காலத்தில் பகரமாக ஒலித்தது என்பர் மொழிநூலார். அவ்விடத்தில் பகரத்தை வைத்துச் சொல்லிப் பாருங்கள். நம் சிறுவர் பள்ளியில் ஓதும் நெடுங்கணக்கின் முறையன்றோ இது! வடமொழி மந்திரங்களைப் படிக்கச் 'சித்தம்' என்னும் இந்திய எழுத்தைப் பயின்ற துறவியர் வழியாகவே இவ்வரிசை அங்கே அமைந்தது.

எழுத்தின் முறை மட்டுமோ, பெயர்களும் சென்றன. காஞ்சியைச் சேர்ந்தவர் என மரபு கூறும் போதிதருமரின் பெயர் சீன எழுத்தின் வழியே ஜப்பானை அடைந்து 'தருமா' என நின்றது; இன்று அங்கே வேண்டுதலுக்காக வாங்கும் சிவப்புப் பொம்மைக்கும் அதுவே பெயர். 736-இல் போதிசேனர் என்னும் இந்தியத் துறவி அந்நாட்டை அடைந்தார். 752-இல் நாரா நகரின் தோதாய்ஜி கோயிலில் பெரிய புத்தர் சிலைக்குக் கண் திறக்கும் சடங்கை நடத்தியவர் அவரே. அவர் பெயரையும் ஒலிபற்றிச் சீன எழுத்துக்களாலேயே எழுதினர். இப்பெயர்கள் சிறிது உருமாறின. ஆயினும் அடையாளம் காண முடியாதபடி அழிந்துவிடவில்லை.

கத்தக்கனாவுக்கும் எல்லை உண்டு. சொல்லின் ஈற்றில் நிற்கவல்ல மெய், னகரம் போன்ற மூக்கொலி ஒன்றே. பிற மெய்கள் பெரும்பாலும் உகரம் முதலிய உயிரைத் துணைக்கொள்ளும். ர, ல, ள, ழ, ற அனைத்தும் ஒரே வரிசையில் அடங்கும். ஆயினும் நெடிலைக் காட்ட எழுத்தின் பக்கத்தில் ஒரு கோடு இடுவர்; அது நம் கால் போன்றது. ககரத்தையும் அதன் மெலிந்த ஒலியையும் வேறுபடுத்த மேலே இரு சிறு கீற்றுக்கள் இடுவர். இவ்வசதி நம் எழுத்தில் இல்லை. ஆகவே செவியால் கேட்டு எழுதினால் சேர்வராயன் 'சே-ரு-வ-ரா-ய-ன்' என வருவார். ஆங்கிலத்தைப் பார்த்து எழுதினால் 'ஷெவரொய்' என்றே வருவார். குறை கத்தக்கனாவில் இல்லை. இடையில் நின்ற மூன்றாவது எழுத்திலேதான் இருக்கிறது.

இக்குற்றத்தை நாமும் செய்கின்றோம். ஜப்பானியர் தம் தலைநகரின் முதலெழுத்தை நம் தகரம் போல ஒலிக்கின்றனர். இரண்டு ஓகாரமும் நெடில். நம்மிடம் தகரம் இருந்தும் 'டோக்கியோ' என்று எழுதுகின்றோம். ஏன்? ஆங்கிலத்தின் வழியே கேட்டோம். அவர்களுடைய ஓசக்காவின் முதல் நெடிலை நாம் 'ஒசாகா' எனக் குறிலாக்கிவிட்டோம். யஜினி என்று எழுதிய எழுத்தரைக் கடிய எனக்கு உரிமை ஏது?

அன்பர்களே, வடசொல் நம் எழுத்துக்கு இயைந்து வரவேண்டும் என்று தொல்காப்பியர் விதித்தார். எம்மொழிக்கும் அவ்வுரிமை உண்டு. ழகரத்தை ஜப்பானியரிடம் வேண்டுவது முறையன்று. ஆனால் பெயருக்கு உரியவர் தம் வாயால் ஒலிக்க, எழுதுபவர் தம் செவியால் கேட்க வேண்டும் என்று வேண்டுவது முறையே. இதனை யாழினிக்குச் சொன்னேன். அடுத்த இடத்தில் அவள் தானே கத்தக்கனாவில் நான்கு குறிகளை எழுதிக் கொடுத்தாள்: யா, அதன் நெடிற்கோடு, ரி, னி. 'யாரினி' என்று அழைத்தார்கள்; உடனே எழுந்தாளாம்.

இன்னொன்றும் சொன்னாள். அந்நாட்டில் அலுவலில் ஒருவரைக் குடும்பப் பெயரால் அழைப்பதே வழக்கம். நமக்குக் குடும்பப் பெயர் ஏது? கடவுச்சீட்டில் தந்தையின் பெயர் அவ்விடத்தில் நிற்கிறது. மு, ரு, கே, ச, ன்: கத்தக்கனாவில் ஓர் ஒலியும் உதிராமல் அமையும் பெயர் அது. மரியாதைச் சொல்லான 'சன்' சேர்த்து, நாள்தோறும் அவளை 'முருகேசன் சன்' என்று விளிக்கின்றனர்.

என் தமையனார் காப்பித் தோட்டத்தில் உழைத்து மறைந்தவர். சேலத்துக்கு அப்பால் சென்றறியாதவர். அவர் பெயரைத் தோட்டத்தின் கூலிப் பதிவேட்டில் ஒருவரும் ஒருநாளும் சரியாக எழுதியதில்லை. இன்று கடலுக்கு அப்பால், அவரைக் கண்டறியாத மக்கள் அதனைப் பிழையின்றி எழுதுகின்றனர், மரியாதையோடு அழைக்கின்றனர்.