உடைஞ்சா யாரோட காசு? போன் இன்சூரன்ஸ் பிறந்த கதை

புது போன் வாங்கி பில் போடறதுக்கு ஒரு நிமிஷம் முன்னாடி கடையில ஒரு கேள்வி வரும்: "சார், புரொடெக்‌ஷன் பிளான் சேர்த்துடலாமா? மாசம் நூறு ரூபாகூட ஆகாது." சிம் கம்பெனியோட ஆப்பைத் திறந்தாலும் ஏதோ ஒரு மூலையில இதே கேள்வி நிக்கும். சிலர் யோசிக்காம "சரி"ங்கறோம். சிலர் யோசிக்காம "வேணாம்"ங்கறோம். இந்தக் கேள்விக்குப் பின்னாடி ஒரு வரலாறு இருக்கு. அது தெரிஞ்சா பிளானைப் படிக்கிறது சுலபம். அதைத்தான் இந்த எபிசோடுல பார்க்கப்போறோம்.

கதையைப் போடிநாயக்கனூர்ல ஆரம்பிக்கலாம். மலைமேல விளையற ஏலக்காய் கீழ வந்து விலைபோற ஊர் அது. நறுமணப் பொருள் வாரியத்தோட மின்னணு ஏல மையம் அங்க இருக்கு. ஏலத்தை ஏலம் விடற ஊர்னு சொல்லலாம். இன்னைக்கு என்ன விலைன்னு தெரிஞ்சாத்தான் வியாபாரம். அதனால போன்ங்கறது அந்த ஊருக்கு ரொம்ப நாளாவே தொழில் கருவி.

போன் நம்மளது இல்லாத காலம்

நம்ம தாத்தா காலத்துல ஒரு வியாபாரி வீட்டு மேஜை மேல கறுப்பா ஒரு போன் உட்கார்ந்திருக்கும். அது அவரோடது கிடையாது. அது தபால் தந்தித் துறையோட சொத்து. 1948-ல பெங்களூர்ல தொடங்கின இந்தியத் தொலைபேசித் தொழிற்சாலை, அதாவது ஐ.டி.ஐ., செஞ்ச கருவியைத் துறை வாங்கி நம்ம வீட்டுல வெச்சிட்டுப் போகும். நாம கட்டினது வாடகை. டயல் சுத்தலையா, மணி அடிக்கலையா, லைன்மேன் வரணும், அவர்தான் சரிபண்ணணும்.

இதுல ஒரு வேடிக்கை உண்டு. காத்திருப்போர் பட்டியல் வருஷக்கணக்குல நீண்டதால, முன்பணம் கட்டினா முன்னுரிமைன்னு ஒரு திட்டம் வெச்சாங்க. ஓ.ஒய்.டி.ன்னு கூப்பிடுவாங்க. விரிச்சா "ஓன் யுவர் டெலிபோன்", உங்க தொலைபேசியைச் சொந்தமாக்கிக்கோங்கன்னு அர்த்தம். பணம் கட்டினவருக்குக் கிடைச்சது வரிசையில முன்னாடி ஒரு இடம். கருவி அப்பவும் துறையோடதுதான்.

அது பொற்காலம்னு நான் சொல்லவரல. புகார் கொடுத்துட்டு நாள்கணக்கா லைன்மேனுக்குக் காத்திருந்த கதை உங்க வீட்டுப் பெரியவங்களைக் கேட்டாலே கிடைக்கும். நான் கவனிக்கச் சொல்றது ஒரே ஒரு விஷயம். கருவி பழுதானா அந்தச் செலவு துறையோடது. மாச வாடகைக்குள்ளயே பாதுகாப்பும் சேர்ந்தே இருந்துச்சு. அப்ப போன் இன்சூரன்ஸ்னு தனியா ஒண்ணு விக்க யாருக்கும் வழியே இல்ல.

அமெரிக்காவுலயும் இதே கதை. அங்க அரசுத் துறைக்குப் பதிலா ஏ.டி. அண்ட் டி.ங்கற தனியார் கம்பெனி. வீட்டுல இருக்கிற போன் அவங்களோடது, மாசம் வாடகை. வேற யாரோட கருவியையும் அவங்க லைன்ல மாட்டக்கூடாது. 1968-ல கார்ட்டர்போன் வழக்குல அமெரிக்கத் தொலைத்தொடர்பு ஆணையம் அந்தத் தடையை உடைச்சது. 1984 ஜனவரி 1-ஆம் தேதி ஏ.டி. அண்ட் டி.யே துண்டு துண்டாப் பிரிஞ்சது. அதுக்குள்ள ஜனங்க சொந்தமா போன் வாங்க ஆரம்பிச்சிருந்தாங்க. வீட்டுக்குள்ள ஓடற வயரும் கொஞ்ச வருஷத்துல வீட்டுக்காரர் பொறுப்புக்கு வந்துடுச்சு.

அப்ப போன் கம்பெனிகள் புதுசா ஒண்ணு விக்க ஆரம்பிச்சாங்க. "உங்க வீட்டு வயர் பழுதானா நாங்க சரிபண்றோம், மாசம் ஒரு சின்னத் தொகை கொடுங்க." நேத்து வரைக்கும் வாடகைக்குள்ள அடங்கியிருந்த வேலை, இன்னைக்குத் தனி பிளான். நம்ம கையில இருக்கிற மொபைல் இன்சூரன்ஸுக்குக் கொள்ளுத் தாத்தா இந்த வயர் பிளான்தான்.

போன் கைக்கு வந்துச்சு, ரிஸ்க்கும் கூடவே வந்துச்சு

இந்தியாவுல 1984-ல தொலைபேசிக் கருவி தயாரிக்கத் தனியார் கம்பெனிகளுக்கும் அனுமதி கொடுத்தாங்க. 1995 ஜூலை 31-ஆம் தேதி நாட்டோட முதல் மொபைல் அழைப்பு. கொல்கத்தாவுல இருந்து முதல்வர் ஜோதி பாசு, டெல்லியில இருந்த அமைச்சர் சுக்ராம்கிட்ட பேசினார். அதுக்கப்புறம் கருவி முழுசா நம்ம சொத்து. உடைஞ்சா நஷ்டமும் முழுசா நம்மளது.

இங்க அமெரிக்காவும் நாமும் வேற வேற வழியில போனோம். அங்க சிம் கம்பெனியே போனைக் குறைஞ்ச விலைக்குக் கொடுத்து, ஒப்பந்தத்துல கட்டிப்போட்டது. நடுவுல போன் தொலைஞ்சா முழு விலை கொடுத்து வாங்கணும். அந்தப் பயத்துல இன்சூரன்ஸ் நல்லா வித்தது. ஸ்டான்ஃபோர்டுல மேலாண்மை படிச்ச ரெண்டு பேர் 1995-ல ஹூஸ்டன்ல ஒரு கம்பெனியை வாங்கினாங்க. ரோட்டுல கார் நின்னுபோனா உதவிக்கு வர்ற கம்பெனி அது. பின்னாடி அது போன் இன்சூரன்ஸுக்குள்ள போய் அசூரியன்னு பேர் மாறி, அந்தத் தொழில்ல மிகப் பெரிய கம்பெனிகள்ல ஒண்ணாச்சு. பில்லுல வெரைசன் பேர் இருக்கும், கிளைமைக் கவனிக்கிறது அசூரியனா இருக்கும்.

நம்ம ஊர்ல போன் ஒரு கடை, சிம் இன்னொரு கடை. 2003-ல ரிலையன்ஸ் 501 ரூபாய் முன்பணத்துல போன் கொடுத்தது ஒரு விதிவிலக்கு. மத்தபடி ப்ரீபெய்டு நாடு நாம. உங்க போன் உடைஞ்சா சிம் கம்பெனிக்கு ஒண்ணும் நஷ்டமில்ல. அதனால அவங்க இந்தத் தொழிலுக்கு லேட்டாத்தான் வந்தாங்க. 2017-ல ஏர்டெல் தன்னோட போஸ்ட்பெய்டு வாடிக்கையாளர்களுக்கு மாசம் 49 ரூபாய்ல ஆரம்பிக்கிற போன் சேதப் பாதுகாப்பைக் கொண்டுவந்தது. பழைய வாடகை புதுப் பேர்ல திரும்பி வந்துடுச்சு. ஒரு வித்தியாசம்: அப்ப வாடகை வாங்கினவர்தான் ரிஸ்க்கையும் சுமந்தார். இப்ப வாங்கறவர் ஒருத்தர், சுமக்கிறவர் இன்னொருத்தர்.

மூணு பேர், ஒரு பில்

இந்தியச் சட்டப்படி, பதிவு பெற்ற இன்சூரன்ஸ் கம்பெனி மட்டும்தான் இன்சூரன்ஸ் ரிஸ்க்கை எடுத்துக்க முடியும். 1938-ஆம் வருஷத்து இன்சூரன்ஸ் சட்டம் அதைத்தான் சொல்லுது. அதனால பிளான்ல பொதுவா மூணு பேர் இருப்பாங்க. விக்கிறவர் சிம் கம்பெனி அல்லது கடை. காசு கொடுக்க வேண்டியவர் இன்சூரன்ஸ் கம்பெனி. நடுவுல போனை எடுத்துட்டுப் போய்ச் சரிபண்ற ஒரு சர்வீஸ் கம்பெனி.

சில பிளான்கள்ல இன்சூரன்ஸ் கம்பெனியே இருக்காது, வெறும் சர்வீஸ் ஒப்பந்தமா இருக்கும். இந்த வித்தியாசம் ரொம்ப முக்கியம். இன்சூரன்ஸ்னா, கிளைமை மறுத்தா இன்சூரன்ஸ் குறைதீர்ப்பாளர்கிட்ட காசு செலவில்லாம போகலாம். அவரோட அலுவலகம் ஒண்ணு சென்னையில இருக்கு. ஒழுங்குமுறை ஆணையத்தோட புகார் எண் 155255. சர்வீஸ் ஒப்பந்தம்னா அந்தக் கதவு திறக்காது, நுகர்வோர் ஆணையத்துக்குத்தான் போகணும். அங்கயும் 5 லட்ச ரூபாய் வரைக்கும் உள்ள வழக்குக்கு மனுக் கட்டணம் கிடையாது.

விக்கிறவருக்கு ரிஸ்க் இல்லைன்னா என்ன ஆகும்? பிரிட்டன்ல நடந்ததைப் பாருங்க. கார்ஃபோன் வேர்ஹவுஸ்ங்கற பெரிய போன் கடைச் சங்கிலி, 2008-ல இருந்து 2015 வரைக்கும் "கீக் ஸ்குவாட்"ங்கற பேர்ல போன் இன்சூரன்ஸ் வித்தது. வாடிக்கையாளருக்கு அது தேவையான்னு பார்க்கவே ஊழியர்களுக்குச் சரியா சொல்லிக்கொடுக்கல. வீட்டு இன்சூரன்ஸ்லயோ பேங்க் கணக்குலயோ ஏற்கெனவே பாதுகாப்பு இருக்கிறவங்க தலையிலும் கட்டினாங்க. "வேணாம்"னு சொன்னா எப்படி மடக்கறதுங்கறதுக்கு மட்டும் பயிற்சி இருந்துச்சு. உள்ள வேலை பார்த்தவங்களே விஷயத்தை வெளிய சொன்னாங்க. 2019 மார்ச்ல அந்த நாட்டு நிதி ஒழுங்குமுறை ஆணையம் போட்ட அபராதம் 2 கோடியே 91 லட்சம் பவுண்டுக்கு மேல.

அமெரிக்காவுல இருந்து இன்னொண்ணு. வாடகை போன் காலம் முடிஞ்ச பிறகும் ஓஹையோ மாநிலத்துப் பாட்டி ஒருத்தர் 1960-கள்ல எடுத்த சுழல் டயல் போனுக்கு 2006 வரைக்கும் வாடகை கட்டிட்டிருந்தார். மொத்தம் ஆயிரக்கணக்கான டாலர். சின்னத் தொகை மாசாமாசம் போனா கண்ணுக்கே தெரியாது. ஆட்டோ-டெபிட் போட்டிருக்கிற நமக்கு இது இன்னும் பொருந்தும்.

போடிமெட்டு வளைவுல வெச்சுப் படிங்க

பிளான் நிபந்தனைகளை ஏ.சி. ரூம்ல படிச்சா எல்லாம் நல்லாத்தான் தெரியும். போடியில இருந்து விடியற்காலையில ஜீப் ஏறி, 17 கொண்டை ஊசி வளைவு தாண்டி, போடிமெட்டு வழியா பூப்பாறைப் பக்கம் ஏலத்தோட்டத்துக்கு வேலைக்குப் போற ஒரு அக்காவை நினைச்சுக்கோங்க. அவங்க போனை வெச்சுப் படிச்சுப் பாருங்க.

முதல்ல தண்ணி. தென்மேற்குப் பருவமழையில அந்த மலையில போன் நனையறது சாதாரணம். ஸ்கிரீன் உடைஞ்சா மட்டும் கவர் ஆகுற பிளானா, தண்ணீர் சேதமும் சேர்ந்ததா? ரெண்டும் வேற வேற விலை.

அடுத்து, திருட்டா, தொலைஞ்சு போனதா? ஜீப் குலுங்கும்போது பையில இருந்து நழுவி விழுந்தா அது "தொலைஞ்சது". பல பாலிசியில அதுக்குக் காசு இல்ல. திருட்டுன்னாலும் "பூட்டை உடைச்சு, பலவந்தமா" எடுத்தா மட்டும்தான்னு ஒரு வரி இருக்கலாம். கூட்டத்துல யாரோ சத்தமில்லாம உருவினா அது கணக்குல வராது.

மூணாவது, போலீஸ் காகிதம். தமிழ்நாட்டுல ஸ்டேஷன்ல பெரும்பாலும் கைக்கு வர்றது சி.எஸ்.ஆர். ரசீது. இன்சூரன்ஸ் கம்பெனி கேக்கறது எஃப்.ஐ.ஆர். மெட்டுல ஒரு பக்கம் தேனி மாவட்டம், மறுபக்கம் இடுக்கி. "எங்க எல்லை இல்ல"ன்னு திருப்பி அனுப்பினா, 2024 ஜூலை 1-ல அமலுக்கு வந்த புதுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்துல 173-ஆவது பிரிவு இருக்கு. திருட்டு மாதிரியான குற்றத்துக்கு எல்லை பார்க்காம எந்த ஸ்டேஷன்லயும் தகவல் கொடுக்கலாம். கூடவே, 2023-ல வந்த சஞ்சார் சாத்தி தளத்துல ஐ.எம்.இ.ஐ. எண்ணைக் கொடுத்து போனை முடக்கிடுங்க. அது எல்லா நெட்வொர்க்குக்கும், எல்லா மாநிலத்துக்கும் செல்லும். எண் தெரியலைன்னா இப்பவே *#06# அடிச்சு எழுதி வெச்சுக்கோங்க.

நாலாவது, யாருக்குக் கொடுப்பாங்க? பொதுவா புது போன், உங்க பேர்ல பில். போஸ்ட்பெய்டுக்கு மட்டும்னு வந்த பிளானும் உண்டு. அந்த அக்கா வெச்சிருக்கிறது செகண்ட் ஹேண்ட் போன், ப்ரீபெய்டு சிம்னா? வேலைக்கு வரச்சொல்ற அழைப்பு, கூகுள் பே, பிள்ளையோட ஸ்கூல் குரூப் எல்லாமே அந்த ஒரு போன்லதான் ஓடுது. அது போனா பெரிசா அடிபடறது அவங்கதான். பிளான் தேடி வர்றதோ, போனா இன்னொண்ணு வாங்கிக்க முடியற நம்மகிட்ட. துறைக்குச் சொந்தமான போன் காலத்துல ஏழைக்குப் போனே கிடையாது. இப்ப போன் இருக்கு, பாதுகாப்பு மட்டும் அவங்க வரைக்கும் போகல.

ஒரு சின்னக் கணக்கு

உதாரணத்துக்கு ஒரு பிளான் வெச்சுக்கலாம். மாசம் 99 ரூபாய், வருஷத்துக்கு 1,188. ஸ்கிரீன் மாத்த 6,000 ஆகும்னு வைங்க. அதுல உங்க கையிலருந்து போடவேண்டிய பங்கு 1,000. அப்ப ஒரு கிளைம்ல உங்களுக்கு மிச்சம் 5,000. அதை 1,188-ஆல வகுத்தா 4.2 வரும். அதாவது, நாலு வருஷத்துக்கு ஒரு தடவையாவது நீங்க ஸ்கிரீனை உடைக்கிற ஆளா இருந்தாத்தான் கட்டுப்படியாகும். பத்து வருஷமா ஒரு போனும் கீழ போடாதவர், அந்த 99 ரூபாயைத் தனியா ஒரு கணக்குல போட்டுவெச்சா போதும். போன் முழுசாப் போனா தேய்மானம் கழிச்சுத்தான் கொடுப்பாங்க. அதையும் சேர்த்துப் பாருங்க.

இந்தக் கணக்கு பாதிதான். கணக்குப்படி நஷ்டமா இருந்தாலும், ஒரே அடியில 6,000 ரூபாய் போனா உங்க மாசம் கவிழ்ந்துடும்னா, பிளானுக்கு அர்த்தம் இருக்கு. தாங்க முடியாத நஷ்டத்துக்குத்தான் இன்சூரன்ஸ். எரிச்சலை மட்டும் கிளப்புற நஷ்டத்துக்கு அது தேவையில்ல.

அதனால அடுத்த தடவை கடையில அந்தக் கேள்வி வரும்போது, நீங்க திருப்பி ஒண்ணு கேளுங்க: "உடைஞ்சா யாரோட காசுண்ணே?" அந்த இன்சூரன்ஸ் கம்பெனியோட பேரைக் காகிதத்துல காட்டச் சொல்லுங்க. காட்டினா வாங்கி நிபந்தனையைப் படிங்க. காட்ட முடியலைன்னா, அந்த ரிஸ்க் இன்னும் உங்க கையிலதான் இருக்கு, கூட ஒரு மாசக் கட்டணமும் சேர்ந்திருக்கு.

வீட்டுல அந்தக் காலத்து லேண்ட்லைன் பில் பத்திரமா இருந்தா, அதுல வாடகை எவ்வளவுன்னு பார்த்து எழுதி அனுப்புங்க. அடுத்த எபிசோடுல பார்க்கலாம்.