அண்ணன் - 4: மரத்து மறைவில் ஒருவர்

2013 நவம்பர் 15. வான்கடே மைதானத்தில் தன் கடைசி டெஸ்டில் சச்சின் 74 ரன்னுக்கு அவுட். இந்தியா மறுபடி பேட் பிடிக்க வேண்டி வராது என்பது கிட்டத்தட்ட எல்லோருக்கும் தெரியும். அன்று இரவு போன் வந்தது. பேசியது அண்ணன் அஜித். அவுட்டானது எப்படி என்று அலச ஆரம்பித்துவிட்டார்! ஓய்வு பெறப்போகிறவனிடம் போய் என்ன டெக்னிக் பேச்சு என்று நமக்குச் சிரிப்பு வரும். இதை மறுநாள் மைக் பிடித்து ஊரறியச் சொன்னது சச்சினேதான்.

அண்ணன் தம்பியின் இந்தக் கிரிக்கெட் பேச்சுக்குப் பிள்ளையார் சுழி விழுந்த இடம், அங்கிருந்து சில மைல் தூரத்தில் உள்ள சிவாஜி பார்க். வருஷம் 1984.

மாமரத்திலிருந்து விழுந்து மாட்டிக்கொண்ட பதினொரு வயதுப் பையனை, விடுமுறையில் வேறெதிலாவது திருப்பிவிட அஜித் தீர்மானித்ததைப் போன வாரம் பார்த்தோம். ஒன்று சொல்ல விட்டுவிட்டேன். இருவரும் ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகள் இல்லை. நிதின், அஜித், சவிதா மூவரும் அப்பா ரமேஷ் டெண்டுல்கரின் முதல் மனைவிக்குப் பிறந்தவர்கள். அந்த வீட்டில் யாரும் அதைக் கணக்கில் வைத்ததாகத் தெரியவில்லை. சச்சின் கையில் வந்த முதல் பேட்டே, அக்கா சவிதா காஷ்மீரிலிருந்து வாங்கி வந்ததுதான்.

சிவாஜி பார்க்கில் ரமாகாந்த் அச்ரேக்கரின் நெட்ஸ். பையனுக்கு அதுவரை வலைக்குள் நின்று ஆடிப் பழக்கமில்லை. காலனிக்குள் டென்னிஸ் பந்தில் விளாசியதோடு சரி. சுற்றிலும் புதுமுகங்கள், எதிரே கண்டிப்புக்குப் பேர்போன கோச். கை கால் ஓடவில்லை. ஆட்டம் சொதப்பல்.

அச்ரேக்கருக்குத் திருப்தியில்லை. இவன் இன்னும் சின்னப் பையன், பிறகு பார்க்கலாம் என்ற மனநிலை. அவரைக் குறை சொல்ல முடியாது. கண்ணால் பார்த்ததை வைத்துத்தானே எடை போட முடியும்?

வேறு அண்ணனாக இருந்தால் தம்பியின் தலையில் ஒரு குட்டு வைத்துவிட்டு வீட்டுக்குக் கூட்டிப் போயிருப்பார். அஜித் கோச்சிடம் ஒரு வேண்டுகோள் வைத்தார். நீங்கள் பார்க்கிறீர்கள் என்ற கூச்சத்தில்தான் தடுமாறுகிறான். இன்னொரு வாய்ப்புக் கொடுங்கள், ஆனால் அவன் கண்ணில் படாமல் தள்ளி நின்று பாருங்கள்.

ஒரு கோச்சிடம் போய், 'நீங்கள் கொஞ்சம் ஒளிந்துகொள்ளுங்கள்' என்று கேட்க எவ்வளவு துணிச்சல் வேண்டும்! அச்ரேக்கரும் கிளம்பிப் போவதுபோல் பாவனை செய்து, ஒரு மரத்தின் மறைவில் நின்றார்.

சார் போய்விட்டார் என்றதும் பையனின் பேட் பேச ஆரம்பித்தது. இடம் கிடைத்தது.

கூடவே சிக்கலும் வந்தது. நிஜமாகவே கிரிக்கெட்தான் என்றால் பாந்த்ரா பள்ளி சரிப்படாது, தாதரில் உள்ள சாரதாஷ்ரமுக்கு மாற வேண்டும் என்றார் அச்ரேக்கர். வீட்டிலோ அப்பா மராத்திப் பேராசிரியர், கவிஞர். குடியிருப்பதும் எழுத்தாளர்கள் காலனியான சாகித்ய சகவாசில். பள்ளிக்கூடத்தையே கிரிக்கெட்டுக்காக மாற்றுவதா?

விஷயத்தை அஜித் வீட்டில் எடுத்தார். பேராசிரியர் கோபப்படவில்லை, தலையாட்டவும் இல்லை. முடிவை அஜித்திடமும் விடவில்லை.

அவர் பக்கத்தில் கூப்பிட்டு உட்காரவைத்தது, பதினொரு வயதுக் கடைக்குட்டியை.

(தொடரும்)