மாவும் பாலும் முன்னே, குளிர் பின்னே: எருத்தேன்பதியிலிருந்து ஒரு பார்வை

பாலக்காடு மாவட்டம் சித்தூர் வட்டத்தின் கிழக்கு விளிம்பில், கோயம்புத்தூர் மாவட்டத்தை ஒட்டிக் கிடக்கும் ஊராட்சி எருத்தேன்பதி. ஆட்சி கேரளத்தினுடையது, வீட்டுமொழி பெரும்பாலும் தமிழ். மேற்குத் தொடர்ச்சி மலை ஏறத்தாழ 30 கிலோமீட்டர் அகலத்துக்கு விலகி வழிவிடும் பாலக்காட்டுக் கணவாயின் வாயில் அமைந்த மண் இது. கார்த்திகை, மார்கழியில் கிழக்கிலிருந்து வரும் வறண்ட காற்று இவ்வட்டத்தின் மாமரங்களை முந்திப் பூக்க வைக்கிறது. அதனால்தான் தெற்கே உள்ள முதலமடை, கொல்லங்கோட்டுத் தோப்புகளின் மாம்பழம் நாட்டின் பிற பகுதிகளில் பிஞ்சு பிடிக்கும்போதே தில்லிக்கும் மும்பைக்கும் இந்தூருக்கும் வண்டியேறிவிடுகிறது.

இத்தகைய ஊரில் மாம்பழ ஐஸ்கிரீமுக்கு என்ன வரலாறு இருக்க முடியும்? பொதுவாக அவ்வரலாறு பாரசீகத்தில் தொடங்கி, இத்தாலி வழியாக, முகலாயர் அடுக்களையில் முடியும். அரண்மனைகளின் பக்கம் நின்று எழுதப்பட்ட வரலாறு அது. எருத்தேன்பதியின் பக்கம் நின்று பார்த்தால் வரிசை வேறாகத் தெரிகிறது. மா தொன்றுதொட்டு இங்கே இருந்தது. பாலும் இருந்தது. இல்லாதிருந்தது குளிர் ஒன்றுதான். ஆகவே இங்கே கேட்க வேண்டிய கேள்வி, ஐஸ்கிரீமை யார் கண்டுபிடித்தார் என்பதன்று. குளிர் எப்போது, எந்த வழியாக, யார் கைக்கு வந்தது என்பதே.

முதலில் சொல்லைப் பற்றி ஒரு செய்தி. ஆங்கிலத்தின் 'மேங்கோ', போர்ச்சுகீசியரின் 'மங்கா' வழியாகப் போனது. அவர்கள் அதை மலபார்க் கரையில், தமிழ் 'மாங்காய்', மலையாள 'மாங்ங' என்பதிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். மாங்காயையும் மாம்பழத்தையும் ஒருபோதும் குழப்பிக்கொள்ளாத மொழியிலிருந்து சொல் கடன் போயிற்று. கடன் வாங்கியவர்களோ பழத்துக்கும் காயின் பெயரையே வைத்துவிட்டார்கள். 'மேங்கோ ஐஸ்கிரீம்' என்பதைச் சொற்பிறப்பின்படி பெயர்த்தால் மாங்காய் ஐஸ்கிரீம் என்றுதான் வரும். எல்லையோர வழக்கில் இன்னொன்றையும் கவனிக்கலாம். வளைந்த நுனியுள்ள மாங்கனிக்குத் தமிழர் 'கிளிமூக்கு' என்றனர். அத்தகைய நாட்டு வகை ஒன்றை மலையாளிகள் 'கிளிச்சுண்டன்' என்றனர். இரு மொழிகளும் அதே கிளியின் அலகைத்தான் பார்த்திருக்கின்றன.

இனி குளிருக்கு வருவோம். வெடியுப்பை நீரில் கரைத்தால் நீர் குளிரும் என்பதை 13ஆம் நூற்றாண்டு அரபு மருத்துவ வரலாற்றாசிரியர் இப்னு அபி உசைபிஆ குறித்திருக்கிறார். அக்பர் காலத்து அயினி அக்பரியில் அபுல் ஃபசல், வெடியுப்பால் குடிநீரைக் குளிரவைக்கும் முறையை விளக்குகிறார். அரசவை பஞ்சாபில் இருந்த 1586 முதல் வடமலைகளிலிருந்து லாகூருக்குப் பனிக்கட்டி வந்ததையும் பதிவு செய்கிறார். மலை அருகில் இருந்த வடக்குக்கு அது கைகூடியது. வடநாட்டுச் சமவெளியிலும் குளிர்கால இரவுகளில் ஆழமற்ற மண்தட்டுகளில் நீர் ஊற்றி மெல்லிய பனித்தகடு எடுத்தார்கள். அலகாபாத்தில் கண்ட அம்முறையை ராபர்ட் பார்க்கர் 1775இல் இலண்டன் அரச கழகத்துக்கு எழுதினார். தென்னாட்டின் இரவுகள் அந்த அளவுக்குக் குளிர்வதில்லை. எனவே தமிழ் நிலத்துக்குப் பனிக்கட்டி வெளியிலிருந்துதான் வர வேண்டியிருந்தது.

அது வந்த வழி விசித்திரமானது. பாஸ்டன் வணிகர் ஃபிரெடெரிக் டியூடர், வட அமெரிக்கக் குளங்களில் உறைந்த பனியை அறுத்து, மரத்தூளில் பொதிந்து, 1833இல் கல்கத்தாவுக்குக் கப்பலேற்றினார். ஏற்றியது ஏறத்தாழ 180 டன். நான்கு மாதப் பயணத்துக்குப் பின் மிஞ்சியது 100 டன் அளவு. 1842இல் சென்னைக் கடற்கரையில் கிட்டங்கி எழுந்தது. இன்றும் திருவல்லிக்கேணிப் பக்கத்தில் 'ஐஸ் அவுஸ்' என்ற பெயர் வழக்கில் இருக்கிறது. 1897இல் விவேகானந்தர் தங்கிய கட்டடமும் அதுவே. வால்டன் குளத்தின் பனி மதராசுக்கும் கல்கத்தாவுக்கும் போவதை எண்ணி தோரோ தம் நூலில் வியந்ததுண்டு. அக்குளத்து நீர் சென்னையில் ஆங்கிலேயரின் கோப்பையிலும் காய்ச்சல்காரரின் நெற்றியிலும் கரைந்தது, சித்தூருக்கு வரவில்லை. 1862இல் மதராசிலிருந்து பேப்பூர்வரை இரயில் பாதை இக்கணவாய் வழியாகவே முழுமையடைந்தது. ஆயினும் சித்தூர், கொச்சி சமஸ்தானத்தின் துண்டுநிலம். சுற்றிலும் மதராஸ் மாகாணத்தின் மலபார், கோயம்புத்தூர் மாவட்டங்கள். நீராவி எந்திரத்தால் பனிக்கட்டி செய்யும் ஆலைகள் 1870களில் வந்ததும் பாஸ்டன் வணிகம் படுத்துவிட்டது.

சென்னைக் கிட்டங்கி எழுந்ததற்கு அடுத்த ஆண்டு, 1843இல், அமெரிக்காவில் நான்சி ஜான்சன் கையால் சுழற்றும் ஐஸ்கிரீம் வாளிக்குக் காப்புரிமை பெற்றார். வெளியே மரவாளி, உள்ளே உலோகக் குவளை, நடுவே துடுப்பு, இடைவெளியில் உடைத்த பனிக்கட்டியும் கல்லுப்பும். இதன் சூட்சுமம் முழுவதும் உப்பில் இருக்கிறது. உப்புச் சேர்ந்த பனிக்கட்டி சுழியப் பாகைக்கும் கீழே உருகத் தொடங்கும். சரியான கலவையில் −21 பாகைவரை இறங்கும். உருகுவதற்கான வெப்பத்தை அது குவளையிலிருந்து பிடுங்கிக்கொள்வதால் உள்ளிருக்கும் பால் உறைகிறது. துடுப்பு ஓயாமல் சுழல்வதால் பெரிய பனிப்படிகங்கள் உருவாக இடமின்றி, பால் மெழுகுபோல் இறுகுகிறது. துரைமார் பங்களாக்களிலும் செல்வர் வீடுகளிலும் இவ்வாளி இருந்தது. பனிக்கட்டியே எட்டாத ஊரில் வாளி இருந்து என்ன பயன்?

கிராமத்துக்குக் குளிர் முதன்முதலில் வந்தது செய்பொருளாக அன்று, விலைப்பொருளாக. மிதிவண்டியில் கட்டிய பெட்டி, மூடியைத் தட்டும் ஓசை, உள்ளே குச்சி ஐஸ், பால் ஐஸ், சேமியா ஐஸ். இன்று பெருநிறுவனமாக வளர்ந்துள்ள அருண் ஐஸ்கிரீம்கூட 1970இல் இராயபுரத்தில் ஒரு சிறு கூடத்தில் குச்சி ஐஸ் செய்துதான் தொடங்கிற்று. கொங்கு நாட்டிலும் அதன் மேற்கு விளிம்பிலும் ஒரு தலைமுறைக்கு 'ஐஸ்' என்ற சொல்லுக்கு அதுவே பொருள். இதை நினைத்துக்கொண்டால் 'பனிக்கூழ்' என்ற ஆக்கச்சொல் ஏன் ஏட்டிலேயே நின்றுவிட்டது என்பது விளங்கும்: பண்டம் தெருவுக்கு வந்தபோதே பெயரையும் கொண்டுவந்துவிட்டது.

பாலின் கதையும் இக்காலத்தில் மாறியது. இடுக்கி மாவட்டத்து மாட்டுப்பட்டியில் 1963இல் தொடங்கிய இந்திய–சுவிஸ் திட்டம், பழுப்பு சுவிஸ் காளைகளை நாட்டுப் பசுக்களோடு கலந்து 'சுநந்தினி' இனத்தை உருவாக்கியது. 1980இல் மில்மா கூட்டமைப்பு அமைந்தது. விடியற்காலையில் கேனோடு சங்கத்துக்குப் போவது சித்தூர் வட்டத்து உழவர் வாழ்வின் ஒழுங்காயிற்று. கறந்த பால் பணமாயிற்று. குளிரும் முதலில் பாலுக்காகத்தான் வந்தது, வீட்டுக்காக அன்று.

வீட்டுக்குள் குளிர் வந்தது மிகவும் பிந்தி. கோத்ரேஜ் 1958இல் இந்தியாவில் குளிர்பதனப் பெட்டி செய்யத் தொடங்கியபோது அது நகரத்து ஆடம்பரம். எல்லா வீட்டுக்கும் மின்சாரம் சேர்ந்த மாநிலமாகக் கேரளம் அறிவிக்கப்பட்டது 2017 மே மாதத்தில். ஐஸ்கிரீமுக்குப் பெட்டி மட்டும் போதாது, மிக்சியும் வேண்டும். துடுப்பின் வேலையை இன்று அதுதான் செய்கிறது. 2011இல் தமிழ்நாட்டு அரசு மிக்சி, கிரைண்டர், மின்விசிறியை விலையின்றி வழங்கியபோது அது தமிழ்நாட்டுக் குடும்ப அட்டைக்கே உரியதாயிருந்தது. கோட்டுக்குக் கிழக்கே இருந்த அண்ணன் வீட்டுக்குக் கிடைத்தது, மேற்கே வாழ்க்கைப்பட்ட தங்கை வீட்டுக்குக் கிடையாது. மாநிலங்களுக்கு இடையே வரைந்த கோடு அடுக்களை மேடைவரை நீண்டதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை.

செய்முறையில் உள்ள அறிவையும் சற்று நின்று பார்க்க வேண்டும். ஒரு லிட்டர் பசும்பாலை அடிபிடிக்காமல் கிண்டி 400 மில்லிக்குச் சுண்டவைக்கிறார்கள். நீர் போகப்போக உறையும்போது படிகமாவதற்கான நீர் குறைகிறது. சர்க்கரையை இந்நிலையில் சேர்க்கிறார்கள். அது இனிப்புக்கு மட்டுமன்று, கலவை கல்லாக இறுகாமல் காப்பதற்கும்தான். பால் முற்றும் ஆறிய பின்னரே பழக்கூழ் சேர வேண்டும். சூட்டில் சேர்த்தால் பழத்தின் புளிப்பு பாலைத் திரித்துவிடும். நாருள்ள பழமாயின் சல்லடையில் வடிக்க வேண்டும். அல்போன்சா, பங்கனப்பள்ளிக்கு அது தேவையில்லை. இரண்டு மணிநேரம் உறையவிட்டு, ஓரம் இறுகி நடுவில் தளதளவென இருக்கும்போது எடுத்து மிக்சியில் ஓட்டி, மீண்டும் வைத்து, மீண்டும் ஓட்டுகிறார்கள். படிகம் உடைகிறது, காற்றும் சிறிது ஏறுகிறது. நான்சி ஜான்சனின் துடுப்பு இடைவிடாது செய்ததை இவர்கள் விட்டுவிட்டுச் செய்கிறார்கள், அவ்வளவே.

இந்திய உணவுத் தர விதியின்படி 'ஐஸ்கிரீம்' என்று எழுதி விற்கக் குறைந்தது 10 விழுக்காடு பால்கொழுப்பு வேண்டும். 4 விழுக்காட்டுப் பாலை மேற்சொன்னவாறு சுண்டவைத்தால் அந்த அளவு வந்துவிடும். ஆனால் 300 கிராம் பழக்கூழும் 100 கிராம் சர்க்கரையும் சேர்ந்ததும் அது 5 விழுக்காடாக இறங்கிவிடுகிறது. சட்டத்தின் கண்ணில் வீட்டு மாம்பழ ஐஸ்கிரீம் 'நடுத்தரக் கொழுப்பு' வகை. பனையெண்ணெய் சேர்த்த 'உறைந்த இனிப்பு' கடைகளில் கொடிகட்டிப் பறக்கையில், பாலும் பழமும் மட்டுமே உள்ள பண்டம் ஒரு படி கீழே நிற்பது வேடிக்கைதான்.

இவ்வட்டத்தில் குளிரின் வரலாறு இனிப்பு மட்டுமன்று. இதே சித்தூர் வட்டத்தின் பெருமாட்டி ஊராட்சியில், பிளாச்சிமடையில், 2000ஆம் ஆண்டு கொக்கோ கோலா ஆலை இயங்கத் தொடங்கியது. கிணறுகள் வற்றியதையும் நீர் கெட்டதையும் முன்வைத்து 2002 ஏப்ரலில் ஆதிவாசி மக்கள் ஆலை வாயிலில் அமர்ந்தனர். முன்னின்றவர்களுள் மயிலம்மா ஒருவர். ஊராட்சி உரிமத்தைப் புதுப்பிக்க மறுத்தது. 2004 மார்ச்சில் ஆலை நின்றது. 2010இல் அரசு அமைத்த உயர்மட்டக் குழு இழப்பை 216.26 கோடி ரூபாய் என மதிப்பிட்டது. இழப்பீட்டுக்கான சிறப்புத் தீர்ப்பாய மசோதாவைச் சட்டமன்றம் 2011இல் நிறைவேற்றியது. குடியரசுத் தலைவரின் ஒப்புதல் கிடைக்கவில்லை. பரம்பிக்குளம்–ஆழியாறு உடன்படிக்கைப்படி ஆண்டுக்கு 7.25 டி.எம்.சி. நீர் வருமா என்று எதிர்பார்த்திருக்கும் நிலத்தில் குளிர்பானம் அடைக்க இடம் தேர்ந்தவர்களின் கணக்கு வேறாக இருந்தது.

மாம்பழத்தின் கணக்கும் எளிதன்று. இவ்வட்டத்தில் தோப்பைப் பூவிலேயே வியாபாரிக்குக் குத்தகைக்கு விடுவது பெருவழக்கு. பணம் முன்கூட்டிக் கிடைக்கிறது; மருந்தடிப்பும் பறிப்பும் அவர் பொறுப்பு. அதன் பிறகு மரத்தடியில் குடியிருப்பவருக்கும் பழம் சொந்தமில்லை. இந்த ஏற்பாட்டில் எண்டோசல்ஃபான் போன்ற நஞ்சுகள் முதலமடைத் தோப்புகளில் அடிக்கப்பட்டதும், அதன் பின்விளைவுகளும் நாடறிந்தவை. முதல்தரக் கனிகள் பெட்டியில் அடைந்து வடக்கே போகின்றன. ஆலை ஐஸ்கிரீமுக்கான கூழோ பெரும்பாலும் ஆந்திரத்துச் சித்தூரிலிருந்தும் கிருஷ்ணகிரியிலிருந்தும் வருகிறது. அங்கேதான் கிளிமூக்கு வகையை அரைக்கும் ஆலைகள் திரண்டிருக்கின்றன. பெயர் ஒலிப்பில் இரண்டும் சித்தூர்தான். ஒரு சித்தூர் பழத்தை அனுப்புகிறது. இன்னொரு சித்தூர் பழத்தைக் கூழாக்கி அனுப்புகிறது. அக்கூழ் நகரத்து ஆலையில் உறைந்து, முதல் சித்தூரின் பெட்டிக்கடைக்குக் கிண்ணத்தில் திரும்பி வருகிறது.

குத்தகைக்காரரின் கடைசி வண்டி போன பிறகு மரம் மீண்டும் வீட்டாருடையதாகிறது. உச்சிக்கிளையில் தப்பிய காய்கள், பிந்திப் பழுக்கும் நீலம், காற்றில் விழுந்து ஒருபுறம் நசுங்கியவை: இவை எந்தச் சந்தையிலும் விலைபோகாதவை. வைக்கோலில் வைத்துப் பழுக்கவைத்த இவற்றைத்தான் தோல் சீவி, கறுத்த இடத்தைக் கத்தியால் தோண்டியெறிந்து, மிச்சத்தை மிக்சியில் போடுகிறார்கள். கூழாக்கிய பின் எது பெட்டிக்குரிய பழம், எது விழுந்த பழம் என்று நாக்குக்குத் தெரிவதில்லை.